சாமித்தட்டில் இருந்த கடிதம்

எனக்கு எழுபத்தாறு வயது. ஐந்து பிள்ளைகளை வளர்த்தேன். அதில் மூன்று நான் பெற்றது. மற்ற இரண்டும் மச்சாளுடையது, அதாவது என் கணவரின் அக்காவுடைய பிள்ளைகள். ஐந்து பேருக்கும் தலை வாரிவிட்டது, வாயில் சோறு தீத்தியது, காய்ச்சலுக்கு நெற்றியில் ஈரத்துணி போட்டது எல்லாம் இந்தக் கைதான். இதை முதலில் எழுதி வைக்கிறேன். ஏனென்றால் போன மாதம் இதை வேறுவிதமாக அச்சடித்துக் கொடுத்திருக்கிறார்கள்.

மச்சாளுக்கு எண்பது வயது நிறைந்ததற்கு லண்டனில் ஹரோ என்ற இடத்தில் மண்டபம் எடுத்துக் கொண்டாடினார்கள். வந்தவர்களுக்கெல்லாம் மினுங்குகிற தாளில் ஒரு சின்னப் புத்தகம் கொடுத்தார்கள். முழுக்க இங்கிலீசு. பக்கத்தில் இருந்த என் பேத்தியிடம் கொடுத்து, என்ன போட்டிருக்கிறது என்று தமிழில் சொல்லச் சொன்னேன். அவளுக்குப் பன்னிரண்டு வயது. சனிக்கிழமைத் தமிழ் வகுப்புக்குப் போகிறவள். விரலை வைத்து ஒவ்வொரு வரியாகச் சொன்னாள். "தம்பியின்ர குடும்பத்தைத் தன்ர வீட்டில வைச்சுத் தாங்கினவவாம். அஞ்சு பிள்ளையளை வளர்த்து ஆளாக்கினவவாம்." சொல்லிவிட்டு என் முகத்தைப் பார்த்தாள். "அம்மம்மா, அந்த அஞ்சு பேரில எங்கட அம்மாவும் ஒராளோ?"

"ஓம்."

"அப்ப நீங்கள் எங்க போனனீங்கள்?"

அவள் விளையாட்டுக்கோ பகிடிக்கோ கேட்கவில்லை. அதற்கான பதிலைத்தான் நான் எழுதத் தொடங்கினேன். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். தமிழ் எழுதுவேன், ஆனால் மெல்ல. ஒரு பக்கத்துக்கு ஒரு பின்னேரம் போகும். எனக்கு இப்போது பின்னேரங்களுக்குக் குறைவில்லை.

பதினேழு வயதில் யாழ்ப்பாணத்தில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் சேர்ந்தேன். மிசிமார் என்று நாங்கள் சொல்லும் தாதிமார் படித்தவர்கள். அந்தப் படிப்பு இல்லாத என்னைப் போன்ற பெட்டைகளை உதவித் தாதி வேலைக்கு எடுத்து, மூன்று வருடம் மிசிமாருக்குப் பின்னால் நடக்கவிட்டுப் பழக்குவார்கள். காய்ச்சல் பார்க்க, உடம்பு துடைக்க, புண்ணுக்கு மருந்து கட்டுகிற தட்டு அடுக்க, எழும்ப ஏலாதவரை நோகாமல் திருப்ப, செத்தவரைக் கழுவி நேராக்கி வைக்க. எழுத்துச் சோதனை கிடையாது. மூன்றாம் வருட முடிவில் பெரிய டாக்டர் கட்டிலின் கால்மாட்டில் வந்து நின்றார். தொடை எலும்பு முறிந்த ஒரு கிழவர் படுத்திருந்தார். அவர் முனகாமல் விரிப்பை மாற்ற வேண்டும் என்பதுதான் எனக்குச் சோதனை. மாற்றினேன். கிழவர் முனகவில்லை. மாற்றி முடிந்த பிறகு, "எப்ப பிள்ளை தொடங்கப்போறாய்?" என்று கேட்டார். டாக்டர் சிரித்துக்கொண்டே கையெழுத்துப் போட்டார்.

அந்தச் சான்றிதழ் இங்கிலீசில் இருந்தது. அடியில் ஆஸ்பத்திரியின் முத்திரை. எனக்கு வாசிக்கத் தெரியாது. ஆனால் என் பெயர் எந்த இடத்தில் இருக்கிறது என்று தெரியும். விரலால் தொட்டுக் காட்டுவேன். அதை வைத்துக்கொண்டு பதினெட்டு வருடம் அதே ஆஸ்பத்திரி வாட்டில் வேலை செய்தேன். கலியாணமும் மூன்று பிள்ளைகளும் அதற்குள்தான்.

எண்பத்தாறில் பிள்ளைகளோடு லண்டனுக்கு வந்தேன். என் கணவர் ஒரு வருடம் முந்தி வந்து வெம்பிளியில் தன் அக்கா வீட்டில் இருந்தார். பெற்றோல் ஸ்டேஷனில் வேலை. நான் புறப்படும்போது பெரிய டாக்டருக்கு நல்ல வயது. தள்ளாடிக்கொண்டு வந்து, தன்னுடைய தாளில் ஒரு கடிதம் எழுதித் தந்தார். "போற இடத்தில சான்றிதழோட சேத்து இதையும் குடு. உன்ர கை எப்பிடிப்பட்ட கை எண்டு எழுதியிருக்கிறன்" என்றார். இரண்டையும் கூறைச்சேலை மடிப்புக்குள் வைத்துக் கொண்டு வந்தேன். கொழும்பு விமான நிலையத்தில் பெட்டியைச் சோதித்துக் கிளறியவன் சேலையை மட்டும் விரிக்கவில்லை.

மச்சாளைப் பற்றிக் குறையாக மட்டும் எழுத எனக்கு விருப்பமில்லை. அவர் எங்களை வாசலில் வந்து கட்டிப்பிடித்துத்தான் உள்ளே எடுத்தார். என் பிள்ளைகளுக்குக் குளிர்ச்சட்டை வாங்கி வைத்திருந்தார். அவர் படித்தவர், கவுன்சில் கந்தோரில் உத்தியோகம். அவருடைய கணவர் கப்பலில் எஞ்சினியர், வருடத்தில் இரண்டு மூன்று மாதம்தான் வீட்டில் நிற்பார். வீட்டில் நாலு வயதில் ஒரு பெடியன், இரண்டு வயதில் ஒரு பெட்டை. நான் வந்த மூன்றாம் நாள் அந்தச் சின்னதை என் இடுப்பில் வைத்துவிட்டு மச்சாள் வேலைக்குப் போனார். அதிலிருந்து அந்த வீட்டில் யார் எத்தனை மணிக்கு எழும்பினாலும் அடுப்படியில் நான் நின்றேன்.

பக்கத்து வீட்டில் ஒரு குஜராத்திக்காரி இருந்தார். கிட்ட இருந்த ஆஸ்பத்திரியில் துணைத் தாதி வேலை. வேலிக்கு மேலால் பாதி இங்கிலீசும் பாதிக் கையுமாகப் பேசுவோம். என் சான்றிதழை ஒருநாள் அவரிடம் காட்டினேன். அவர் கண்ணாடி போட்டு வாசித்துவிட்டு என் தோளில் தட்டினார். வேறு நாட்டுச் சான்றிதழையும் பார்த்து அந்த ஆஸ்பத்திரியில் வேலைக்கு எடுப்பார்கள் என்று சொல்லி, அடுத்த கிழமை படிவம் கொண்டுவந்து தந்தார்.

படிவத்தை மச்சாள்தான் நிரப்பினார். அவருக்கு முத்து முத்தான எழுத்து. அடுப்படிக் குசினி மேசையில் இருந்துகொண்டு ஒவ்வொன்றாகக் கேட்டார். அவரும் என்னை மச்சாள் என்றுதான் கூப்பிடுவார். "எத்தனை வருசம் வேலை செய்தனீங்கள் மச்சாள்? என்னென்ன செய்வியள்?" நான் சொல்லச் சொல்ல எழுதினார். இடையில் ஒருதரம் பேனையை நிறுத்தி, "இவ்வளவும் செய்தனீங்களே?" என்று கேட்டார். எனக்கு அப்போது பெருமையாக இருந்தது. வெள்ளிக்கிழமை நல்ல நேரம் பார்த்து, சான்றிதழின் பிரதியும் டாக்டரின் கடிதமும் சேர்த்து நானே கொண்டுபோய்த் தபால் பெட்டியில் போட்டேன்.

ஏழு கிழமை, கிட்டத்தட்ட ஐம்பது நாள், கழித்துப் பதில் வந்தது. நான் உடைக்கவில்லை. மச்சாள் வேலையால் வந்து சப்பாத்துக் கழற்றும் வரைக்கும் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். அவர் கத்தியால் உறையைக் கீறி எடுத்து, மனதுக்குள் வாசித்தார். நீண்ட கடிதம் இல்லை. ஆனால் நீண்ட நேரம் வாசித்தார். கண் அடிவரைக்கும் வந்து, திரும்ப மேலே போனது. நடுவில் ஒரு வரியில் நின்றது. முகம் பார்த்து நோவை அறிகிற வேலையை இருபது வருடம் செய்தவள் நான். அந்த முகத்தை மட்டும் நான் பார்க்கத் தவறினேன்.

"மச்சாள், இருங்கோ," என்றார். கதிரையை இழுத்துப் போட்டார். "உங்கட சான்றிதழ் இங்க செல்லாதாம்."

"ஏனாம்?"

"இங்க முதலில இருந்து படிக்கோணுமாம். இங்கிலீசில சோதனை எழுதோணுமாம். எழுதிப் பாஸ் பண்ணினால் பிறகு பாப்பினமாம்."

"டாக்டற்ற கடிதம்?"

"அதையும் பாத்தவையாம். அங்கத்தைய டாக்டர்மாற்ற சொல்லை இங்க எடுக்க மாட்டினமாம்."

அந்த ஒரு சொல்தான் என்னைக் கொன்றது. சான்றிதழ் செல்லாவிட்டால் போகட்டும். அந்த வயதான டாக்டர் தள்ளாடி வந்து எழுதிய எழுத்தையும் தள்ளிவிட்டார்களே என்று இருந்தது. மச்சாள் தேத்தண்ணி ஊற்றித் தந்தார். என் கையைப் பிடித்தார். "அழாதேங்கோ. இங்க வீட்டில உங்களுக்கு என்ன குறை? பிள்ளையள் வளரட்டும், பிறகு பாப்பம்." கடிதத்தை மடித்து எடுத்துப் போகப் பார்த்தார். நான் கையை நீட்டி வாங்கினேன்.

"இது ஏன் உங்களுக்கு?"

"சாமியிட்ட வைக்கப்போறன்."

"இல்லையெண்டு வந்த கடிதத்தை ஆராவது சாமியிட்ட வைப்பினமே?"

"சாமி பாத்து மாத்தட்டும்" என்றேன்.

அவர் சிரித்தார். கெட்ட சிரிப்பாக அன்றைக்கு எனக்குத் தெரியவில்லை.

அன்றிரவு என் கணவரிடமும் சொன்னேன். அவருக்கு இங்கிலீசு வாசிக்க வரும். "நீங்களும் ஒருக்கா வாசிச்சுப் பாருங்கோவன்" என்று கேட்டேன். சேர்ட்டுத் தெறியைக் கழற்றிக்கொண்டே, "அக்கா வாசிச்சவதானே, பிறகென்ன" என்றார். அதோடு விட்டேன். படித்த ஆள் வீட்டில் இருக்கும்போது இன்னொருவரிடம் கொண்டுபோய்த் திரும்ப வாசிக்க வைப்பது அவரைப் பொய்க்காரி ஆக்குகிற மாதிரி. எங்கள் ஆட்கள் யாரும் அப்படிச் செய்வதில்லை. குஜராத்திக்காரி வேலியடியில் நின்று கேட்டபோதும், இல்லை என்று தலையை ஆட்டிக் காட்டிவிட்டு உள்ளே போனேன். அவரிடம் கடிதத்தைக் காட்ட எனக்கு வெட்கமாக இருந்தது. இதுதான் நான் விட்ட பிழை. வெட்கப்பட்டதுதான்.

அந்த வீட்டில் சாமித்தட்டு மாடியில் ஒரு அலுமாரிக்குள் இருந்தது. கீழ்த்தட்டில் வீட்டுக்குச் சுடுதண்ணி போகும் தாங்கி, மேல்தட்டில் சாமிப்படங்கள். அதனால் அங்கே எப்போதும் ஒரு சூடு. சான்றிதழையும் கடிதத்தையும் ஒரு மண்ணிற உறையில் போட்டுச் சரசுவதி படத்துக்குப் பின்னால் வைத்தேன். தினமும் காலையில் திருநீறு பூசும்போது அந்த உறையைத் தொட்டுக் கும்பிடுவேன். பேப்பர் சூட்டில் காய்ந்து காய்ந்து அப்பளம் மாதிரி ஆகிவிட்டது.

பிள்ளைகள் எல்லாரும் பள்ளிக்கூடம் போகத் தொடங்கியதும், இரண்டு தெரு தள்ளி இருந்த ஒரு முதியோர் இல்லத்தில் கூட்டித் துடைக்கிற வேலை எடுத்தேன். பிள்ளைகளை விட்டுவிட்டுப் போய், அவர்கள் வர முந்தி வருவேன். அங்கே ஒரு வெள்ளைக்காரக் கிழவிக்கு இடுப்பில் படுக்கைப் புண். இரண்டு பெட்டைகள் வந்து அவரைக் கக்கத்தில் பிடித்து மேலே இழுப்பார்கள். தோல் விரிப்பில் தேய்ந்து உரியும். அந்த மனிசி கத்தாது, கண்ணை மூடிக்கொள்ளும். கத்துவதைக் கேட்டுக்கொண்டு இருக்கலாம், கண் மூடுவதைப் பார்த்துக்கொண்டு இருக்க ஏலாது. ஒருநாள் துடைப்பத்தைச் சுவரில் சாத்திவிட்டுப் போய், விரிப்பை இரண்டு பக்கமும் சுருட்டிப் பிடித்து, விரிப்போடு சேர்த்துத் தூக்குகிற விதத்தைக் காட்டினேன். ஒரு பெட்டைக்குப் பிடித்துக்கொண்டது. மற்றவள் பொறுப்பாளரிடம் சொல்லிவிட்டாள். பொறுப்பாளர் என்னைக் கூப்பிட்டு, சத்தம் போடாமல், நான் துடைக்க வந்தவள் என்று சொன்னார். அந்த இங்கிலீசு எனக்கு விளங்கியது.

வீட்டுக்கு வந்து மச்சாளிடம் சொன்னேன். அவர் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"அதுதான் சான்றிதழ் செல்லாதெண்டிட்டாங்களே மச்சாள். பிறகேன் போய்க் கை வைக்கிறியள்? இருக்கிற வேலையும் போயிடும்."

இதை மன்னிக்க எனக்கு இன்னும் வழி தெரியவில்லை. கடிதத்தைப் பிழையாக வாசித்தது ஒருநாள் செய்த வேலை. இது வெங்காயம் உரித்துக்கொண்டே சொன்னது.

நவராத்திரியை மச்சாள் வீட்டில் நன்றாகச் செய்வார்கள். கடைசி நாள் பிள்ளைகளின் புத்தகம், பேனை, கணக்குப் பெட்டி எல்லாம் சரசுவதிக்கு முன்னால் அடுக்குவோம். நான் என் மண்ணிற உறையையும் அடியில் வைப்பேன். அன்றைக்கு யாரும் வாசிக்கக் கூடாது. மறுநாள் விஜயதசமிக் காலையில், பூசையில் வைத்ததை எடுத்து ஒவ்வொருவரும் உரக்க ஒரு பக்கமாவது வாசிக்க வேண்டும். அப்படி வாசித்தால்தான் அந்த வருடத்துப் படிப்புத் துலங்கும் என்று மச்சாள் வரிசையில் இருத்தி வாசிக்க வைப்பார்.

தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு விஜயதசமி பள்ளிக்கூடம் இல்லாத நாளில் வந்தது. என் மூத்தவளுக்குப் பதினாறு, நடுவிலானுக்குப் பதினாலு, கடைக்குட்டிக்குப் பதினொன்று. என் கணவர் காலை ஷிப்டுக்குப் போய்விட்டார். எல்லாரும் குளித்து மாடியில் அலுமாரிக்கு முன்னால் இருந்தார்கள். நான் கடலைச் சட்டியோடு பின்னால் நின்றேன். மூத்தவள் விஞ்ஞானம் வாசித்தாள். மகன் ஏதோ வாசித்தான். கடைக்குட்டியின் முறை வந்தபோது அவள் கையை விரித்தாள்.

"என்ர புத்தகமெல்லாம் பள்ளிக்கூடத்தில."

மச்சாளின் பெடியன் விடுவானா. "அவள் ஒண்டும் வைக்கேல்லை மாமி. டிவி ரிமோட்டைத்தான் வைச்சிருப்பாள், அதை வாசிக்கச் சொல்லுங்கோ" என்று என்னிடம் சொன்னான். எல்லாரும் சிரித்தார்கள். கடைக்குட்டிக்கு ரோசம். அடுக்கின் அடியில் கையை விட்டு என் உறையை இழுத்தாள்.

"நான் இதை வாசிக்கிறன்."

"அதை வை பிள்ளை," என்றார் மச்சாள். "அது பழங்கடிதம்."

"சாமிக்கு முன்னால வைச்சதை வாசிக்கோணும் எண்டு நீங்கள்தானே சொன்னனீங்கள் மாமி."

சொல்லிவிட்டு எழுந்து நின்றாள். அவளுக்குப் பள்ளிக்கூடத்தில் மேடையில் வாசிக்கிற பழக்கம். தொண்டையைச் செருமிக்கொண்டு, கடிதத்தை இரண்டு கையாலும் நீட்டிப் பிடித்து, நிறுத்தி நிறுத்தி வாசித்தாள். தொடக்கத்தில் என் பெயர் வந்தது. அதற்கு மேல் எனக்கு விளங்கவில்லை. பிள்ளை நன்றாக வாசிக்கிறாள் என்று மட்டும் நினைத்தேன்.

மூத்தவள் தலைமயிரைப் பின்னிக்கொண்டிருந்தவள் கையை நிறுத்தினாள். "திருப்பி வாசி" என்றாள். கடைக்குட்டி திருப்பி வாசித்தாள்.

"அம்மா, இது ஆஸ்பத்திரியால இல்லையெண்டு வந்த கடிதம் எண்டெல்லோ சொன்னனீங்கள்?"

"ஓம்."

"இதில ஓம் எண்டுதானே கிடக்கு."

கடலைச் சட்டியை நான் கீழே போடவில்லை. அதை எப்படியோ அலுமாரிப் பக்கத்தில் வைத்தேன். மூத்தவள் கடிதத்தை வாங்கி, என் பக்கத்தில் வந்து நின்று, ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னாள். சான்றிதழைப் பார்த்தார்களாம். டாக்டரின் கடிதத்தை மிகவும் மதிக்கிறார்களாம். துணைத் தாதி வேலைக்கு என்னுடைய பயிற்சியை ஏற்றுக்கொள்கிறார்களாம். ஆறு கிழமை ஒரு வாட்டில் மூத்த தாதிக்குக் கீழே வேலை செய்து காட்ட வேண்டுமாம். இங்கிலீசு வேலையோடு பழகிக்கொள்ளலாமாம். ஒரு மாதத்துக்குள் பதில் போட வேண்டுமாம்.

"கடைசி வரியில, உங்களைச் சந்திக்க ஆவலா இருக்கினம் எண்டும் எழுதியிருக்கு அம்மா."

ஏழு வருடம் நான் தொட்டுக் கும்பிட்ட கடிதம். சாமி மாற்ற வேண்டிய தேவையே இருக்கவில்லை.

மச்சாள் பிள்ளைகளைக் கீழே போகச் சொன்னார். யாரும் போகவில்லை. அவருடைய சின்னப் பெட்டை என் சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"ஏன் மச்சாள்?" என்றேன்.

"இல்லையெண்டுதான் வரும் எண்டு நினைச்சுத்தான் நான் படிவத்தை நிரப்பினனான்," என்றார். "சத்தியமா. ஓம் எண்டு வரும் எண்டு கனவிலும் நினைக்கேல்லை. வந்தோடன எனக்குக் கை கால் ஓடேல்லை. நீங்கள் ஷிப்டுக்குப் போனால் இந்த ரெண்டையும் ஆரிட்ட விடுறது? உங்கட மூண்டையும் ஆர் பாக்கிறது? எல்லாற்ற நன்மைக்கும்தான்."

"ஒரு வார்த்தை என்னட்டக் கேட்டிருக்கலாமே. உங்கட சின்னவள் பள்ளிக்கூடம் போகுமட்டும் பொறுங்கோ எண்டிருந்தால் பொறுத்திருப்பன்."

"கேட்டால் நீங்கள் ஓமெண்டுவியள், மனசில வைச்சிருப்பியள்."

"இப்ப?"

அவர் சாமிப்படத்தைப் பார்த்தார். பிறகு, தான் மட்டும் ஏன் பழி ஏற்க வேண்டும் என்று நினைத்தாரோ தெரியாது, "தம்பிக்கும் தெரியும். அவனும் வாசிச்சவன். அவனைக் கேளுங்கோ" என்றார்.

மச்சாள் செய்தது இரண்டு பிள்ளைகளின் தாய் செய்தது என்று என் மனதை எப்படியோ சமாளித்திருப்பேன். இந்தச் சொல் விழுந்த பிறகு சமாளிக்க ஒன்றும் மிஞ்சவில்லை.

என் கணவர் பின்னேரம் வந்தார். வாசலில் இருந்து சப்பாத்து நாடாவை அவிழ்க்கும்போது கடிதத்தை அவர் மடியில் வைத்தேன். ஏதென்று பார்த்ததும் குனிந்த தலை நிமிரவில்லை.

"எப்ப வாசிச்சனீங்கள்?"

"வந்த அண்டைக்கே. நீ பிள்ளையளைப் படுக்க வைக்கப் போனநேரம் அக்கா சாமித்தட்டில இருந்து எடுத்துக் காட்டினவ."

"பிறகு நான் வாசிக்கச் சொல்லிக் கேக்க, அக்கா வாசிச்சவதானே எண்டனீங்கள்."

"கொஞ்ச நாளைக்கெண்டுதான் நினைச்சன். அவவின்ர வீட்டில இருக்கிறம். நான் என்னத்தைச் சொல்லுறது?"

"ஏழு வருசம் கொஞ்ச நாளே?"

அவர் எழும்பிப் போனார். கை கழுவிவிட்டு வந்து மேசையில் இருந்தார். நான் சோறு போட்டேன். இதை ஏன் போட்டேன் என்று பிள்ளைகள் பிறகு பலதரம் கேட்டிருக்கிறார்கள். பசியோடு வந்த ஆளுக்குச் சோறு போடாமல் எனக்கு இருக்கத் தெரியாது. ஆனால் அன்றைக்குப் பிறகு அவர் வாசித்துச் சொன்ன ஒரு கடிதத்தையும் நான் நம்பவில்லை. கரண்ட் பில் வந்தாலும் மூத்தவளிடம் கொடுத்துத் திரும்ப வாசிக்க வைப்பேன், அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே. அவர் இறந்து பத்து வருடமாகிறது. கடைசியில் படுக்கையில் இருந்தபோது அவரை நான்தான் திருப்பினேன், துடைத்தேன். உடம்பில் ஒரு புண் வரவிடவில்லை. ஆனால் கடிதத்தைப் பற்றி அவரும் கதைக்கவில்லை, நானும் கேட்கவில்லை.

அந்தக் கிழமையே மூத்தவளைக் கூட்டிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனேன். நல்ல சேலை உடுத்து, மேலே கோட்டுப் போட்டு, உறையைக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு போனேன். கந்தோரில் இருந்த பெண் மரியாதையான பெண். காய்ந்த கடிதம் உடையாமல் மேசையில் பரப்பி வாசித்தார். கையெழுத்துப் போட்டவர் இளைப்பாறிப் போய்விட்டாராம். அந்த நேரம் வந்திருந்தால் பிரச்சினையே இல்லையாம். இப்போது புதுச் சட்டம், இந்த நாட்டில் படித்த சான்றிதழ்தான் வேண்டுமாம். பழைய வெளிநாட்டுச் சான்றிதழை இதற்கு மாற்ற ஏலாதாம். அடிமட்டத்தில் இருந்து தொடங்க வேண்டுமாம். பிறகு அந்தப் பெண் என்னைப் பார்த்து ஏதோ கேட்டார்.

"அம்மா, அந்த நேரம் ஏன் பதில் போடேல்லை எண்டு கேக்கிறா."

நான் யோசித்தேன். "நான்தான் வேண்டாமெண்டு விட்டனான் எண்டு சொல்லு."

"அம்மா."

"சொல்லு."

அவள் சொன்னாள். பஸ்ஸில் வரும்போது முகத்தைத் திருப்பி யன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். "ஏன் அப்பிடிச் சொன்னனீங்கள்?" என்று கேட்டாள். "எங்கட வீட்டு ஊத்தையை வெள்ளைக்காரியின்ர மேசையில கொட்டுறதே?" என்றேன். அப்போது அது எனக்கு மானமாகத் தெரிந்தது. இப்போது பார்த்தால், அவர்கள் என்னிடம் சொன்ன பொய்யை மூட, நானும் ஒருதரம் என் வாயாலேயே என்னைப் பற்றி ஒரு பொய் சொல்லியிருக்கிறேன்.

மூன்று மாதத்தில் ஈஸ்ட் ஹாமில் ஒரு கடைக்கு மேலே இரண்டு அறை எடுத்துக்கொண்டு போனோம். மச்சாளின் இரண்டு பிள்ளைகளும் வாசலில் நின்று அழுதார்கள். சின்னவள் என் செருப்பில் ஒன்றை ஒளித்து வைத்துவிட்டாள். நான் போகாமல் இருப்பேன் என்று நினைத்திருக்கிறாள். அந்த ஒன்றுதான் அன்றைக்கு என்னை அழ வைத்தது.

பிறகு நான் படித்தேன். நாற்பத்தாறு வயதில், பதினெட்டு வயதுப் பெட்டைகளோடு ஒரே வாங்கில் உட்கார்ந்து. முதல் நாள் பாடம் கை கழுவுவது எப்படி என்பது. இரண்டு வருடத்தில் ஒரு சான்றிதழ் தந்தார்கள். அதில் வேலை செய்தேன், அறுபது தாண்டும் வரைக்கும் செய்தேன். நல்ல பெயர் எடுத்தேன். ஆனால் அந்தப் புதுச் சான்றிதழை நான் ஒருநாளும் சாமியிடம் வைக்கவில்லை. அது மேசை லாச்சிக்குள் கிடக்கிறது. அலுமாரியில் காய்ந்த பழையதுதான் இன்னும் என் சாமித்தட்டில் இருக்கிறது, கடிதத்தோடு.

போன மாதம் அந்த மண்டபத்தில் மச்சாளின் மகன், நான் நாலு வயதிலிருந்து தீத்தி வளர்த்தவன், ஒலிவாங்கியை என் கையில் தந்தான். "மாமி, அம்மாவைப் பற்றி ரெண்டு வார்த்தை." அவனுக்குப் பழையது மறந்திருக்கும், அல்லது மறந்த மாதிரி இருக்கிறான். நான் மேடையில் நின்று சனங்களைப் பார்த்தேன். "எல்லாரும் சுகமா இருங்கோ" என்று மட்டும் சொன்னேன். கை தட்டினார்கள். மச்சாள் கதிரையில் இருந்தபடி என் கையைப் பிடித்து இழுத்தார். காதோடு கேட்டார்.

"இன்னும் மனசில வைச்சிருக்கிறியளே?"

"ஓம்" என்றேன்.

அவர் கையை விடவில்லை. படம் பிடிக்கிறவர் எங்களைச் சிரிக்கச் சொன்னார். அந்தப் படமும் எங்காவது ஒரு புத்தகத்தில் வரும். கீழே என்ன எழுதுவார்கள் என்று எனக்குத் தெரியாது.

அதனால்தான் இதை நானே எழுதினேன். எழுதி முடித்த தாள்களைப் பேத்தியிடம் இப்போது கொடுத்திருக்கிறேன். அவள் புரட்டிப் பார்த்து, "அம்மம்மா, உங்கட எழுத்து எறும்பு ஊர்ந்த மாதிரிக் கிடக்கு, நான் கதையாச் சொல்லட்டோ?" என்று கேட்கிறாள்.

கதையாகச் சொல்ல வேண்டாம், பிள்ளை. எழுதியிருக்கிறபடி வாசி. உன்ர அம்மாவின்ர மாமியைப் பற்றி வரும், உன்ர அம்மப்பாவைப் பற்றியும் வரும், விழுங்காதை. நான் அழுதாலும் நிப்பாட்டாதை. என் கண் இப்போது மங்கல், நான் எழுதினதுதான் அதில் இருக்கிறதோ என்று காதால்தான் பார்க்க வேண்டும். இங்கே கிட்ட வந்து இரு. முதல் வரியிலிருந்து தொடங்கு. எனக்கு எழுபத்தாறு வயது என்று இருக்கும், அங்கேயிருந்து வாசி.